ஒரே தேதியில் சேரும் வரலாறு: தானாக விழுந்த பழமும் பறித்த பழமும்

2017 செப்டம்பர் 19, காலை 11 மணி. மெக்சிகோ நகரத்தில் அபாயச் சங்கு ஒலிக்கிறது. அலுவலகங்களிலும் பள்ளிகளிலும் இருந்தவர்கள் படியிறங்கித் தெருவுக்கு வருகிறார்கள். கொஞ்ச நேரம் நின்றுவிட்டு மேலே திரும்புகிறார்கள். அது நிலநடுக்க ஒத்திகை. 1985-இல் இதே செப்டம்பர் 19 அன்று 8.0 அளவிலான நிலநடுக்கம் அந்த நகரத்தில் ஆயிரக்கணக்கான உயிர்களைக் குடித்தது. அந்த நினைவில்தான் அதே தேதியில் ஒத்திகை நடத்துகிறார்கள். 2017-இல் ஒத்திகை முடிந்து இரண்டு மணி நேரத்துக்குச் சற்று மேல், பிற்பகல் 1:14-க்கு, தரை நிஜமாகவே ஆடியது. அளவு 7.1. 350-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள்.

அப்புறம் 2022. மீண்டும் செப்டம்பர் 19. நண்பகல் 12:19-க்கு ஒத்திகை. ஒரு மணி நேரம்கூடக் கழியவில்லை. 1:05-க்கு 7-ஐத் தாண்டிய இன்னொரு நிலநடுக்கம்.

இதைக் கேட்டதும் உடம்பு சிலிர்க்காதவர்கள் குறைவு. ‘இன்று ஒரு நாள்’ வகைப் பட்டியல்களைப் படிக்கும்போது நமக்கு வருவதும் இதே சிலிர்ப்பின் சின்ன வடிவம்தான். ஒரே தேதியில் ஒரு மன்னர் தலையிழக்கிறார், ஒரு சர்வாதிகாரி பதவியேற்கிறார், ஒரு மகாத்மா சுடப்படுகிறார். ஜனவரி 30-ஐச் சொல்கிறேன்: 1649-இல் இங்கிலாந்தின் முதலாம் சார்லஸ், 1933-இல் ஹிட்லர், 1948-இல் காந்தி. இந்த மூன்றையும் இணைக்கும் கயிறு எதுவும் இல்லை. காகம் உட்காரப் பனம்பழம் விழுந்தது, அவ்வளவுதான். ஆனால் எல்லாத் தேதிகளும் அப்படி இல்லை. சில பழங்கள் தானாக விழுந்தவை. சிலவற்றை யாரோ ஏறிப் பறித்திருக்கிறார்கள். சிலவற்றில் மரமே இடம் மாறியிருக்கிறது. எது எந்த வகை என்று பிரித்துப் பார்க்கும்போதுதான் இந்தப் பட்டியல்கள் வெறும் பொது அறிவாக இல்லாமல் வரலாறாக மாறுகின்றன.

சிலிர்ப்புக்குப் பின்னால் இருக்கும் கணக்கு

மெக்சிகோவையே எடுத்துக்கொள்வோம். குறிப்பிட்ட மூன்று நிலநடுக்கங்கள் ஒரே தேதியில் விழும் வாய்ப்பு எவ்வளவு? 365-ஐ 365-ஆல் பெருக்கினால் 1,33,225. அதில் ஒன்று. பயமுறுத்தும் எண்தான். ஆனால் அந்த மூன்றையும் நாம் முன்கூட்டியே குறித்துவைக்கவில்லை என்பதை மறந்துவிடுகிறோம். மெக்சிகோவின் பசிபிக் கரையில் கோகோஸ் என்னும் நிலத்தட்டு வட அமெரிக்கத் தட்டுக்கு அடியில் ஓயாமல் நுழைந்துகொண்டிருக்கிறது. அங்கே பெரிய நடுக்கம் என்பது தலைமுறைக்கு ஒருமுறை வரும் விஷயமல்ல. ஒரு பேச்சுக்கு 40 பெரிய நடுக்கங்கள் என்று வைத்துக்கொண்டால், அவற்றிலிருந்து மூன்று மூன்றாக 9,880 கூட்டங்களை எடுக்கலாம். அவற்றில் ஏதாவது ஒரு கூட்டம் ஒரே தேதியில் சேரும் வாய்ப்பு ஏறக்குறைய நூற்றுக்கு ஏழு. இப்போது உலகத்தில் உள்ள நில நடுக்க நாடுகளையெல்லாம் சேர்த்துப் பாருங்கள். எங்கேயோ ஓரிடத்தில் இப்படி நடக்காமல் போனால்தான் ஆச்சரியம்.

இதே கணக்கின் எளிய வடிவம் பலருக்கும் தெரிந்ததுதான். ஒரு அறையில் 23 பேர் இருந்தால், அவர்களில் யாராவது இருவருக்குப் பிறந்தநாள் ஒன்றாக இருக்கும் வாய்ப்பு பாதிக்குச் சற்று அதிகம். 57 பேர் என்றால் நூற்றுக்கு 99. நம் மூளை ‘எனக்கும் இன்னொருவருக்கும்’ என்று கணக்குப் போடுகிறது; உண்மையில் நடப்பதோ ‘யாராவது இருவருக்கு’. வரலாறு என்னும் அறையில் இருப்பது 23 பேர் அல்ல, லட்சக்கணக்கான நிகழ்வுகள். அவற்றை வைக்க இருக்கும் பெட்டிகளோ 366 மட்டுமே.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். 2017-இல் அந்த நடுக்கத்துக்கு 12 நாள் முன்பு, செப்டம்பர் 7 இரவில், தெற்கு மெக்சிகோவின் கரைக்கு அப்பால் 8.2 அளவில் ஒரு நிலநடுக்கம் வந்தது. அளவில் அது இன்னும் பெரியது. அதிலும் மக்கள் இறந்தார்கள். ஆனால் அந்தத் தேதி யாருடைய வாயிலும் வருவதில்லை. அது வேறு எதனோடும் பொருந்தவில்லை. பொருந்தியதை எடுத்து வைத்துக்கொள்கிறோம், பொருந்தாததைக் கீழே விட்டுவிடுகிறோம். இதில் தவறு ஒன்றுமில்லை, மனித மனம் அப்படித்தான் வேலை செய்கிறது. ஆனால் அது நடக்கிறது என்பது தெரிந்திருக்க வேண்டும்.

ஸ்டீபன் ஹாக்கிங் இதை நன்றாகவே உணர்ந்திருந்தார். அவர் பிறந்தது 1942 ஜனவரி 8. கலிலியோ இறந்து சரியாக 300 ஆண்டுகள். அதைச் சொல்லும்போதே, அன்று இன்னும் இரண்டு லட்சம் குழந்தைகள் பிறந்திருக்கும் என்றும் சேர்த்துச் சொன்னார். அவர் இறந்த 2018 மார்ச் 14, ஐன்ஸ்டைனின் பிறந்தநாளாகப் போனது. அதை எடுத்துச் சொல்ல அவர் இல்லை. ஆனால் அதே விடையைத்தான் தந்திருப்பார் என்று நம்புகிறேன்.

ஜூலை 4-இன் மூன்று மரணங்கள்

தற்செயல் என்று முழுதாகத் தள்ளிவிடவும் முடியாத, திட்டம் என்று சொல்லவும் முடியாத ஒரு தேதி இருக்கிறது. 1826 ஜூலை 4. அமெரிக்க சுதந்திரப் பிரகடனத்தின் 50-ஆம் ஆண்டு நிறைவு. பிரகடனத்தை எழுதிய தாமஸ் ஜெஃபர்சன் 83 வயதில் வர்ஜீனியாவில் நண்பகலுக்குச் சற்றுப் பின் இறந்தார். அதற்காக அவையில் வாதாடிய ஜான் ஆடம்ஸ் 90 வயதில் மாசசூசெட்ஸில் அன்று மாலை இறந்தார். இருவரும் முன்னாள் அதிபர்கள். ஐந்து ஆண்டுகள் கழித்து, 1831 ஜூலை 4 அன்று, இன்னொரு முன்னாள் அதிபர் ஜேம்ஸ் மன்றோவும் போனார்.

அன்றைய அமெரிக்கர்கள் இதைக் கடவுளின் கையெழுத்தாகவே பார்த்தார்கள். ஆனால் ஜெஃபர்சன் தன் கடைசி இரவில் ‘நான்காம் தேதி வந்துவிட்டதா’ என்று திரும்பத் திரும்பக் கேட்டதாக அருகில் இருந்தவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். அந்த நாள் வரை உயிரைப் பிடித்துவைத்திருக்க வேண்டும் என்ற ஆசை அவருக்கு இருந்திருக்கிறது. மனஉறுதியால் மரணத்தைச் சில மணி நேரம் தள்ளிப்போட முடியுமா என்பது மருத்துவத்தில் இன்னும் விவாதமாகவே இருக்கிறது. எப்படியானாலும், அந்தத் தேதி அந்த முதியவருக்குக் காலண்டரில் ஒரு எண் மட்டுமல்ல; அவர் எட்டிப்பிடிக்க நினைத்த ஒரு கரை.

இதில் என்னை அதிகம் உலுக்குவது வேறு ஒன்று. அமெரிக்க மாநாடு பிரிட்டனிலிருந்து பிரிவது என்று வாக்களித்தது 1776 ஜூலை 2 அன்று. மறுநாள் ஆடம்ஸ் தன் மனைவி அபிகெயிலுக்கு எழுதிய கடிதத்தில், ஜூலை 2-ஐ வருங்காலத் தலைமுறைகள் பெரிய திருவிழாவாகக் கொண்டாடும் என்று உறுதியாகச் சொன்னார். ஜூலை 4 என்பது பிரகடனத்தின் வாசகம் ஏற்கப்பட்ட நாள். பெரும்பாலானவர்கள் கையெழுத்திட்டதோ ஆகஸ்ட் 2-இல். அச்சான தாளின் தலைப்பில் ஜூலை 4 இருந்தது, அதுவே நிலைத்தது. ஆடம்ஸ் ஊகித்த தேதி மட்டும் பலித்திருந்தால், 1826-இல் நடந்தது இரண்டு முதியவர்கள் ஒரே நாளில் இறந்த செய்தியாக மட்டும் இருந்திருக்கும்.

மரமே இடம் மாறினால்

ஏப்ரல் 23 உலகப் புத்தக தினம். 1995-இல் யுனெஸ்கோ அந்த நாளைத் தேர்ந்தெடுத்ததற்குச் சொன்ன காரணங்களில் ஒன்று, ஷேக்ஸ்பியரும் ஸ்பெயினின் செர்வாண்டிஸும் 1616-இல் அதே தேதியில் இறந்தது. இரு பெரும் எழுத்தாளர்கள் ஒரே நாளில் விடைபெற்றார்கள் என்பது அழகான படிமம். ஆனால் அப்படி நடக்கவில்லை.

ஸ்பெயின் 1582-இலேயே போப் பதின்மூன்றாம் கிரிகோரி திருத்திய நாட்காட்டிக்கு மாறிவிட்டது. இங்கிலாந்து பழைய ஜூலியன் நாட்காட்டியை 1752 வரை விடவில்லை. 1616-இல் இரண்டுக்கும் 10 நாள் வித்தியாசம். ஷேக்ஸ்பியர் இறந்த இங்கிலாந்தின் ஏப்ரல் 23, ஸ்பெயினின் மே 3. செர்வாண்டிஸ் இறந்ததோ ஏப்ரல் 22. 23 என்பது அவரை அடக்கம் செய்த நாள். ஆக, இரண்டு மரணங்களுக்கும் நடுவில் 11 நாள் இடைவெளி. தேதி ஒன்று, நாள் வேறு.

கலிலியோ இறந்த 1642-லேயே நியூட்டன் பிறந்தார் என்று சொல்வார்கள். அதுவும் இங்கிலாந்தின் பழைய நாட்காட்டிப்படி 1642 டிசம்பர் 25. கலிலியோவின் மரணத்தைக் குறித்த நாட்காட்டியில் பார்த்தால் நியூட்டன் பிறந்தது 1643 ஜனவரி 4. ஒருவருக்கு ஒரு கோல், மற்றவருக்கு வேறு கோல் வைத்து அளந்தால்தான் இருவரும் ஒரே ஆண்டில் வந்து நிற்பார்கள்.

இந்த மாற்றத்தின் நடுவிலேயே ஒருவர் இறந்தார். ஸ்பானியத் துறவி அவிலாவின் தெரேசா, 1582 அக்டோபர் 4 இரவில் உயிர்விட்டார். மறுநாள் அடக்கம். அந்த மறுநாள் அக்டோபர் 15. நடுவில் இருந்த பத்து தேதிகளை நாட்காட்டித் திருத்தம் விழுங்கிவிட்டது. அவருடைய திருநாள் இன்றும் அக்டோபர் 15-இல்தான் கொண்டாடப்படுகிறது. அக்டோபர் 5 முதல் 14 வரை எந்த நிகழ்வும் ஸ்பெயினில் அந்த ஆண்டு நடக்கவே இல்லை. நடப்பதற்கு நாளே இல்லை.

நாட்காட்டி ஒன்றாகவே இருந்தாலும் பூமி உருண்டை. ஹவாயின் முத்துத் துறைமுகத்தை (பேர்ல் ஹார்பர்) ஜப்பான் தாக்கிய நாளைக் கேளுங்கள்: அமெரிக்கர்களுக்கு 1941 டிசம்பர் 7, ஜப்பானியர்களுக்கு டிசம்பர் 8. ஜப்பானியப் படை மலாயாவின் கோத்தா பாருவில் இறங்கியதற்கு எல்லா நூல்களிலும் டிசம்பர் 8 என்றே இருக்கும். அதனால் பலர் அது மறுநாள் நடந்தது என்று நினைக்கிறார்கள். உண்மையில் முத்துத் துறைமுகத்தில் முதல் குண்டு விழுவதற்கு ஒரு மணி நேரத்துக்கும் மேல் முன்பே கோத்தா பாருவின் கடற்கரையில் சண்டை தொடங்கிவிட்டது. பசிபிக் போர் தொடங்கிய இடம் எது என்ற கேள்விக்கே தேதிக்கோடு திரை போட்டுவிடுகிறது. ஐரோப்பாவில் போர் முடிந்ததும் அப்படித்தான்: ஜெர்மனியின் சரணாகதி பெர்லினில் கையெழுத்தானபோது மேற்கு ஐரோப்பாவுக்கு மே 8, மாஸ்கோவில் நள்ளிரவு தாண்டி மே 9. அதனால் ஒரே வெற்றிக்கு இன்றும் இரண்டு நாட்கள்.

நாள் எப்போது தொடங்குகிறது என்பதும் எல்லோருக்கும் ஒன்றல்ல. யூதர்களுக்கும் இஸ்லாமியர்களுக்கும் சூரியன் மறையும்போது, பஞ்சாங்கத்துக்குச் சூரியன் உதிக்கும்போது, அரசு ஏடுகளுக்கு நள்ளிரவில். வானியலாளர்கள் 1924 முடியும்வரை நண்பகலில் தொடங்கினார்கள். பாரதியார் மறைந்தது 1921 செப்டம்பர் 11 என்று பரவலாகவும், 12 என்று சிலராலும் சொல்லப்படுவதற்குக் காரணம் இதுதான். உயிர் பிரிந்தது நள்ளிரவு கடந்த பிறகு. விடிந்தால்தான் மறுநாள் என்று எண்ணுபவருக்கு அது 11, கடிகாரத்தைப் பார்ப்பவருக்கு 12. இரண்டு பேரும் பொய் சொல்லவில்லை.

பறித்த பழங்கள்

இனி, யாரோ தெரிந்தே தேர்ந்த தேதிகள். இவற்றில் எனக்குத் தெரிந்து மிகச் சுத்தமான சங்கிலி ஜனவரி 18. 1701-இல் அந்த நாளில் முதலாம் ஃபிரெடெரிக் ஜெர்மானிய அரசான பிரஷ்யாவில் அரசராக முடிசூடிக்கொண்டார். 170 ஆண்டுகள் கழித்து, பிரான்ஸைத் தோற்கடித்த பிரஷ்யர்கள் வெர்சாய் அரண்மனையின் கண்ணாடி மண்டபத்தில் ஜெர்மானியப் பேரரசைப் பிரகடனம் செய்தபோது அதே ஜனவரி 18-ஐ எடுத்துக்கொண்டார்கள். தோற்ற நாட்டின் அரண்மனையில் தங்கள் அரச மரபின் ஆண்டுவிழா. பிரெஞ்சுக்காரர்கள் மறக்கவில்லை. முதல் உலகப்போர் முடிந்ததும் பாரிஸ் அமைதி மாநாடு தொடங்கியது 1919 ஜனவரி 18. தொடக்க உரையில் பிரெஞ்சு அதிபர் புவான்காரே, 48 ஆண்டுகளுக்கு முன் இதே நாளில் நடந்ததை வெளிப்படையாகவே நினைவுபடுத்தினார். ஒரு தேதியைக் கையில் எடுத்து எதிராளியின் முகத்தில் வீச முடியும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டாம்.

இந்தியாவின் ஜனவரி 26 வேறு மனநிலையில் பிறந்தது. 1929 டிசம்பரில் லாகூர் காங்கிரஸ் முழு விடுதலையே இலக்கு என்று தீர்மானித்து, 1930 ஜனவரி 26-ஐ சுதந்திர நாளாகக் கடைப்பிடிக்கச் சொன்னது. அதன் பிறகு ஆண்டுதோறும் மக்கள் அந்த நாளில் உறுதிமொழி எடுத்தார்கள். கடைசியில் விடுதலை கிடைத்ததோ ஆகஸ்ட் 15-இல். பழைய சுதந்திர நாள் அநாதையாகிவிடக் கூடாது என்பதால்தான், 1949 நவம்பர் 26-இலேயே ஏற்கப்பட்ட அரசியல் சாசனம் முழுமையாக நடைமுறைக்கு வர 1950 ஜனவரி 26 வரை காத்திருந்தது. ஒரு நாடு தன் பழைய வாக்குறுதிக்கு இரண்டு மாதம் மரியாதை செலுத்தியது. எனக்கு இது மிகவும் பிடித்த காத்திருப்பு.

ஆகஸ்ட் 15-ஐத் தேர்ந்தவர் மவுன்ட்பேட்டன். ஜப்பான் சரணடைந்ததன் இரண்டாம் ஆண்டு நிறைவு அது. தென்கிழக்கு ஆசியாவில் நேச நாட்டுப் படைகளின் தலைமைத் தளபதியாக இருந்த அவருக்கு அந்த நாள் தனிப்பட்ட வெற்றி. அதனால் தேர்ந்தேன் என்று பிற்காலத்தில் அவரே சொன்னார். பிரிட்டிஷ் அரசு முதலில் வைத்த கெடு 1948 ஜூன். அதை இப்படி மாதக்கணக்கில் முன்னால் இழுத்ததன் விலையைப் பஞ்சாபிலும் வங்காளத்திலும் லட்சக்கணக்கானோர் கொடுத்தார்கள். அவசரத்துக்குக் காரணங்கள் பல இருந்தன, தேதி மீதான பிரியம் மட்டுமல்ல. ஆனால் பிரிவினைக்கு நாள் குறிக்கும்போது ஒருவர் தன் பழைய வெற்றியை நினைத்தார் என்பதை என்னால் எளிதாகக் கடந்துபோக முடிவதில்லை.

கொரியாவுக்கும் அதே ஆகஸ்ட் 15 விடுதலை நாள், ஜப்பானின் அதே சரணடைவால். தென் கொரியா தன் அரசை 1948-இல் அதே நாளில் நிறுவியது. இவை ஒரே வேரின் கிளைகள். அதே தேதியில் நெப்போலியன் 1769-இல் பிறந்தது வேரில்லாத தற்செயல். அரவிந்தர் 1872-இல் பிறந்ததும் அப்படித்தான் என்பேன். ஆனால் அவர் அப்படி நினைக்கவில்லை. 1947-இல் திருச்சி வானொலி நிலையம் கேட்டு அவர் எழுதிய செய்தியில், தன் 75-ஆம் பிறந்தநாளும் இந்திய விடுதலையும் சேர்ந்ததைத் தற்செயலாகத் தான் எடுத்துக்கொள்ளவில்லை என்று எழுதினார். அவருடைய நம்பிக்கையை மதிக்கிறேன். மவுன்ட்பேட்டன் அந்த நாளை எடுத்த காரணம் வேறு என்பதும் உண்மை.

தேதியே காரணமாகும்போது

இதுவரை பார்த்தவற்றில் தேதி ஒரு பெயர்ப்பலகை மட்டுமே. அடுத்து வருவதுதான் எனக்கு முக்கியம்: சில நேரங்களில் ஒரு தேதி நினைவில் நிற்கிறது என்பதாலேயே அடுத்த நிகழ்வு அங்கே பிறக்கிறது.

ஜெர்மனியின் நவம்பர் 9-ஐப் பாருங்கள். 1918-இல் அன்று மன்னர் வில்ஹெல்ம் முடிதுறந்ததாக அறிவிக்கப்பட்டு, பெர்லினில் குடியரசு பிரகடனமானது. அதை நாட்டுக்கு இழைத்த துரோகம் என்று கருதியவர்களில் ஒருவர் ஹிட்லர். 1923 நவம்பர் 8 இரவு மியூனிக் பீர் மண்டபம் ஒன்றில் அவர் தொடங்கிய ஆட்சிக்கவிழ்ப்பு முயற்சி, மறுநாள் 9-இல் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் முடிந்தது. ஆட்சிக்கு வந்ததும் நாஜிகள் அதைப் புனித நாளாக்கினார்கள். ஒவ்வோர் ஆண்டும் 8-ஆம் தேதி இரவு அதே மண்டபத்தில் ஹிட்லர் பேசுவார். 9-ஆம் தேதி ஊர்வலம் போவார்கள்.

1938-இல் அந்த விழாவுக்காகக் கட்சியின் மூத்தவர்கள் எல்லாரும் மியூனிக்கில் கூடியிருந்த இரவில், பாரிஸில் இரண்டு நாள் முன்பு ஒரு யூத இளைஞன் சுட்ட ஜெர்மன் தூதரக அதிகாரி இறந்துவிட்ட செய்தி வந்தது. நாஜிப் பிரச்சார அமைச்சர் கோயபல்ஸ் அந்தக் கூட்டத்திலேயே எழுந்து பேசினார். நாடு முழுவதிலுமிருந்து வந்த தலைவர்கள் அங்கிருந்தே தங்கள் ஊர்களுக்குத் தொலைபேசியில் உத்தரவு போட்டார்கள். விடிவதற்குள் யூதர்களின் தொழுகைக் கூடங்கள் எரிந்தன, கடைகள் நொறுங்கின. சுமார் 30,000 யூத ஆண்கள் வதைமுகாம்களுக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். யூதர்கள் மீதான வெறி ஏற்கனவே இருந்ததுதான். ஆனால் அத்தனை தலைவர்களும் அன்றிரவு ஒரே கூரையின் கீழ் இருந்ததற்குக் காரணம் 1923-இன் தேதி. 1938-இன் வன்முறை அவ்வளவு வேகமாக நாடெங்கும் பரவியதில் ஓர் ஆண்டுவிழாவுக்குப் பங்கு உண்டு.

அடுத்த ஆண்டு அதே தேதியை இன்னொருவர் எதிர்த்திசையில் பயன்படுத்தினார். ஜார்ஜ் எல்சர் ஒரு தச்சர். ஹிட்லர் நவம்பர் 8 இரவில் எங்கே, எந்த மேடையில் நிற்பார் என்பது உலகத்துக்கே தெரிந்த விஷயம். எல்சர் முப்பதுக்கும் மேற்பட்ட இரவுகள் அந்த மண்டபத்தில் ஒளிந்திருந்து, மேடைக்குப் பின்னாலிருந்த தூணைக் குடைந்து, உள்ளே நேரக் கருவியோடு குண்டு வைத்தார். குண்டு குறித்தபடி 9:20-க்கு வெடித்தது. பனிமூட்டத்தால் விமானத்தை விட்டு ரயிலைப் பிடிக்க வேண்டியிருந்த ஹிட்லர், 13 நிமிடம் முன்பு கிளம்பியிருந்தார். எட்டுப் பேர் இறந்தார்கள். எல்சரை டாஹவ் முகாமில் 1945 ஏப்ரலில், போர் முடியச் சில வாரங்கள் இருக்கும்போது கொன்றார்கள். தனி மனிதர் ஒருவருக்கு அந்த வாய்ப்பைத் தந்ததே தேதியின் ஒழுங்குதான்.

பிறகு 1989. பெர்லின் சுவர் திறந்ததும் நவம்பர் 9. இது பழைய தேதிகளோடு சேர்ந்தது முழுக்கத் தற்செயல், அதுவும் நூலிழையில். கிழக்கு ஜெர்மனியின் புதிய பயண விதி மறுநாள் அதிகாலைதான் வெளியாக வேண்டும். கையில் கிடைத்த தாளைச் சரியாகப் படிக்காத கட்சிப் பேச்சாளர் ஷபோவ்ஸ்கி, எப்போதிலிருந்து என்று பத்திரிகையாளர்கள் கேட்டபோது, உடனே என்று சொல்லிவிட்டார். கூட்டம் திரண்டது. போர்ன்ஹோல்மர் தெருவின் சோதனைச் சாவடியில் தடுப்பு முழுதாக விலகியது இரவு 11:30 வாக்கில். இன்னும் அரை மணி நேரம் காவலர்கள் தாங்கியிருந்தால் அது நவம்பர் 10 ஆகியிருக்கும். இவ்வளவு மகிழ்ச்சியான நாளை ஜெர்மானியர்கள் தங்கள் தேசிய நாளாக எடுக்கவில்லை. இணைப்பு நடந்த 1990 அக்டோபர் 3-ஐத்தான் எடுத்தார்கள். 1938-இன் இரவு அந்தத் தேதியில் உட்கார்ந்திருக்கும்போது வாணவேடிக்கை விட முடியாது. இங்கே ஒரு தேதி தன்னிடம் ஒன்றைச் சேர்க்கவிடாமல் தடுத்திருக்கிறது.

ரஷ்யாவிலும் தேதி வினையாற்றியது. 1917 மார்ச் 8, உலக மகளிர் தினம், அன்றைய தலைநகர் பெட்ரோகிராடின் நெசவாலைப் பெண்கள் ரொட்டி கேட்டு வேலைநிறுத்தம் செய்து தெருவுக்கு வந்தார்கள். மற்ற ஆலைகளும் சேர்ந்துகொண்டன. ஒரே வாரத்தில் ஜார் முடிதுறந்தார். அந்தப் பெண்களுக்கு வெளியே வர ஒரு நாள் தேவைப்பட்டது. மகளிர் தினம் அதைக் கொடுத்தது. ரஷ்யாவின் பழைய நாட்காட்டியில் அது பிப்ரவரி 23, அதனால்தான் மார்ச்சில் நடந்த அந்தப் புரட்சிக்குப் பிப்ரவரிப் புரட்சி என்று பெயர்.

எந்தப் பட்டியலிலும் வராதவை

ஒரு சின்ன விலகல். ‘இன்று ஒரு நாள்’ பட்டியலில் போர், கொலை, ஒப்பந்தம், பிறப்பு, இறப்பு எல்லாம் வரும். 1943 வங்காளப் பஞ்சம் எந்தத் தேதியில் வரும்? அதில் இருபது முதல் முப்பது லட்சம் பேர் இறந்தார்கள், ஆனால் அது தொடங்கிய நாள் என்று ஒன்றில்லை. மெல்ல நடப்பவற்றுக்குக் காலண்டரில் கட்டம் கிடைப்பதில்லை, யாராவது கையெழுத்துப் போட்டால் ஒழிய. பெரியம்மை உலகிலிருந்து ஒழிந்தது பல ஆண்டு உழைப்பு. உலக சுகாதார மன்றம் தீர்மானம் போட்டதால் அதற்கு 1980 மே 8 என்ற நாள் கிடைத்தது. ஐரோப்பாவில் போர் முடிந்த அதே மே 8 தற்செயலாக அமைந்தது. அந்தப் பட்டியல்களைப் படிக்கும்போது, தேதி கிடைக்காமல் வெளியே நிற்கும் கோடிக்கணக்கானோரை நான் நினைக்காமல் இருக்க முடிவதில்லை.

ஜூன் 28

எல்லா வகையும் ஒரே இடத்தில் கலந்து கிடப்பது ஜூன் 28-இல். செர்பியர்களுக்கு அது விடோவ்டான், புனித வைட்டஸ் திருநாள். 1389-இல் கொசோவோ சமவெளியில் ஆட்டோமான் படையோடு நடந்த போரில் செர்பிய இளவரசர் லாசரும் சுல்தான் முராதும் இருவருமே இறந்தார்கள். செர்பியர்களின் பாட்டிலும் வழிபாட்டிலும் அந்த நாள் தியாகத்தின் நாளாக நின்றது.

1914-இல் ஆஸ்திரிய இளவரசர் ஃபிரான்ஸ் ஃபெர்டினாண்ட், ஆஸ்திரியாவின் பிடியில் இருந்த போஸ்னியாவின் சரயேவோவுக்கு வந்தது அதே ஜூன் 28-இல். செர்பிய தேசியவாதிகளுக்கு அது புண்ணில் உப்பு வைத்த மாதிரி. 19 வயது கவ்ரிலோ பிரின்சிப் அவரையும் அவர் மனைவி சோஃபியையும் சுட்டுக் கொன்றார். அந்தத் தம்பதிக்கும் அந்தத் தேதியோடு தனிக் கணக்கு இருந்தது. 1900-இல் அதே ஜூன் 28 அன்றுதான், அரச குலத்துக்கு ஈடில்லாதவர் என்று கருதப்பட்ட சோஃபியை மணப்பதற்காக, தன் பிள்ளைகளுக்கு அரியணையில் உரிமை இல்லை என்று ஃபெர்டினாண்ட் சத்தியம் செய்தார். வியன்னாவின் அரசு விழாக்களில் சோஃபிக்குக் கணவர் பக்கத்தில் இடம் இல்லை. சரயேவோவில் இருந்தது, ஒரே காரில் அருகருகே உட்கார்ந்து போனார்கள்.

அந்தக் கொலை கிளப்பிய போரை முடித்த வெர்சாய் ஒப்பந்தம் கையெழுத்தானது 1919 ஜூன் 28, சரியாக ஐந்தாம் ஆண்டு. 1921-இல் புதிய தென் ஸ்லாவிய அரசு (பின்னாளின் யூகோஸ்லாவியா) தன் அரசியல் சாசனத்தை அதே நாளில் நிறைவேற்றியது. அதற்குப் பெயரே விடோவ்டான் சாசனம். 1948 ஜூன் 28-இல் ஸ்டாலினின் அணி யூகோஸ்லாவியாவை வெளியேற்றியது. 1989-இல், கொசோவோ போரின் 600-ஆம் ஆண்டு நிறைவுக்கு, செர்பியத் தலைவர் ஸ்லோபோதான் மிலோஷெவிச் அதே களத்தில் பெருங்கூட்டத்தின் முன் நின்று, ஆயுதப் போர்களையும் விலக்கிவிட முடியாது என்று பேசினார். சில ஆண்டுகளில் போர்கள் வந்தன. 2001 ஜூன் 28 அன்று அதே மிலோஷெவிச், போர்க்குற்ற விசாரணைக்காக ஹேக் நகருக்குக் கொண்டுபோகப்பட்டார்.

இவ்வளவையும் தாங்கும் இந்தத் தேதிக்கு அடியில் ஒரு நாட்காட்டிக் கணக்கு இருக்கிறது. போர் நடந்தது ஜூலியன் நாட்காட்டியின் ஜூன் 15. 1389-இல் இரண்டு நாட்காட்டிகளுக்கும் வித்தியாசம் 8 நாள், எனவே இன்றைய கணக்கில் அது ஜூன் 23. ஆனால் செர்பிய திருச்சபை பழைய நாட்காட்டியையே பின்பற்றுகிறது. வித்தியாசமோ நூற்றாண்டுகளாக வளர்ந்துகொண்டே வந்திருக்கிறது. 19-ஆம் நூற்றாண்டில் அது 12 நாள், விடோவ்டான் ஜூன் 27-இல் வந்தது. 1900 மார்ச்சிலிருந்து 13 நாள், திருநாள் 28-க்கு நகர்ந்தது. பிரின்சிப்பின் தலைமுறை வளர்ந்துகொண்டிருந்தபோது நடந்த நகர்வு அது.

2100-இல் வித்தியாசம் 14 நாளாகும். அந்தத் திருச்சபை அதுவரை பழைய நாட்காட்டியை வைத்திருந்தால், விடோவ்டான் ஜூன் 29-க்குப் போய்விடும். சரயேவோவும் வெர்சாயும் 28-லேயே நிற்கும்.